கம்ப்யூட்டர் படத்துக்கும் கேமராமேன் வேணுங்க

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

போன இதழ்ல அனிமேஷன் படங்களப் பத்தி வந்த கட்டுரைய படிச்சேன், நல்லா இருந்துச்சு, ஆனா அதுல மோஷன் கேப்சர் படத்துல, அதாவது நடிகரோட அசைவ பதிவு பண்ணி கம்ப்யூட்டர்ல உருவாக்கற படத்துல, கேமராமேனுக்கு வேலையே இல்ல, எல்லாத்தையும் கம்ப்யூட்டரே பாத்துக்கும்னு ஒரு வரி இருந்துச்சு பாருங்க, அத படிச்சதுலருந்து எனக்கு மனசு ஆறல. நான் பாலக்கோட்டுல 18 வருஷமா கல்யாண வீடியோ எடுக்கறவன்.

டான் பர்ஜெஸ்னு ஒரு ஒளிப்பதிவாளர் இருக்காரு. 1994ல வந்த ஃபாரஸ்ட் கம்ப்புக்கு ஆஸ்கர் நாமினேஷன் வாங்குனவரு. 2002ல ஸ்பைடர்மேன், அடுத்த வருஷமே டெர்மினேட்டர் மூணாம் பாகம்னு பெரிய பெரிய ஆக்‌ஷன் படம் பண்ணிட்டு, 2004ல போலார் எக்ஸ்பிரஸ்ல ராபர்ட் பிரெஸ்லிகூட சேந்து ஒளிப்பதிவு பண்ணாரு. முழுக்க கம்ப்யூட்டர்ல செஞ்ச படம் அது. கேமராமேன் தேவையில்லன்னா ரெண்டு பேர் எதுக்குங்க?

அதுல டாம் ஹாங்க்ஸ் உடம்போட ஒட்டுன டிரஸ் போட்டு, மூஞ்சி பூரா சின்னச் சின்ன புள்ளி ஒட்டிக்கிட்டு நடிச்சாரு. சுத்தி இருக்கற கேமராங்க அவர படம் புடிக்கறதில்ல, அந்தப் புள்ளிங்க எங்கெங்க நகருதுன்னு மட்டும்தான் பதிவு பண்ணும். நடிப்பு உள்ள போய்டுச்சு சரி, ஆனா ஃபிரேம் கிடையாது, லென்ஸ் கிடையாது, லைட்டும் கிடையாது. அதுக்கப்புறம்தான் கேமராமேன் வேலையே. நெசமான ஷூட்டிங்ல கேமராவ திருப்ப ரெண்டு சக்கரம் இருக்கும், ஒண்ணு இடம் வலம், இன்னொண்ணு மேல கீழ, அதே மாதிரி சக்கரத்த கையில சுத்தித்தான் கம்ப்யூட்டருக்குள்ள இருக்கற கேமராவையும் ஓட்டுனாங்க. அந்த முறைக்குப் பேரே வீல்ஸ். ஆள் நகந்து ஒரு நொடி தள்ளி கேமரா பின்னாடி போகும்ல, அது கை பழகுனவங்களுக்குத்தான் வரும்.

போன தை மாசம் காரிமங்கலத்துல ஒரு கல்யாணம். கெட்டிமேளம் கொட்டுற நேரத்துல பொண்ணோட சித்தப்பா செல்ஃபோன தூக்கிக்கிட்டு என் லென்சுக்கு நேரா வந்து நின்னுட்டாரு. வீடியோல தாலி கட்டுறது இல்ல, அவரு முதுகும் மேல வந்து விழுற அட்சதையும்தான் இருக்கு. பொண்ணோட அம்மா மூஞ்சிய பாக்க முடியாம நின்னேன். மோஷன் கேப்சர்ல அந்த பயம் இல்ல, ஒரு தடவ நடிச்சா எல்லாப் பக்கத்துலருந்தும் பத்திரமா இருக்கும், எங்கருந்து வேணாலும் பாத்துக்கலாம். ஆனா அதுதாங்க பெரிய கஷ்டம். மண்டபத்துல எனக்கு நிக்கறதுக்கு மூணு எடம், அதுல ஒண்ண புடிச்சா போதும். எங்க வேணாலும் நிக்கலாம்னு ஒருத்தர்கிட்ட குடுத்தா, எங்க நிக்கணும்னு அவருக்கு தெரிஞ்சிருக்கணும். ஆக்‌ஷன் படத்துல ஓடுற ஆளு பின்னாடியே ஓடி, வெடிக்கற காருக்கு எவ்ளோ தூரத்துல நிக்கலாம்னு அளந்து பழகுன கண்ணு அங்கதான் வேலைக்கு ஆகுது.

நம்ம கோச்சடையானும் மோஷன் கேப்சர் படம்தான், அதுக்கும் 2014ல ஒளிப்பதிவு ராஜீவ் மேனன்னுதானே போட்டாங்க, கட்டுரைல அவரு பேர் ஒரு எடத்துல கூட வரல, அது எனக்கு ரொம்ப வருத்தம்.

என்கிட்ட ரெண்டு பசங்க வேலை கத்துக்கறாங்க. அந்த இதழ படிச்சிட்டு ஒருத்தன், "இனிமே கேமரா கத்துக்கறது வேஸ்ட்டாண்ணா"ன்னு கேட்டான். தயவுசெஞ்சு இந்த ஒளிப்பதிவாளர்ங்க என்ன பண்ணாங்கன்னு ஒரு முழு பக்கம் போடுங்க ஐயா. வந்ததும் கட் பண்ணி ஸ்டுடியோ செவுத்துல ஒட்டிடறேன்.

இப்படிக்கு,
ஒரு கல்யாண வீடியோகிராஃபர்,
பாலக்கோடு, தருமபுரி மாவட்டம்.