சாவா மூவாப் பேராடு

அன்புள்ள சிவராமனுக்கு,

நலம். வீட்டில் அனைவரும் நலமென்று நம்புகிறேன். பதில் எழுதாமல் இருந்ததற்குச் சாக்குச் சொன்னால் நீ நம்பப் போவதில்லை. நம் ஊர்ச் சிவன் கோயில் திருப்பணிக் குழுவில் உன்னைச் சேர்த்திருப்பதாகச் சுப்பு சொன்னான். கணக்கையும் உன்னிடமே ஒப்படைத்திருக்கிறார்களாம். விடுதிச் சாப்பாட்டுக் கணக்கை நீ பார்த்த அழகை அறியாதவர்கள் போலும்.

சென்ற மாதம் தஞ்சைப் பெரிய கோயிலுக்குச் சென்றிருந்தேன். விமானத்தின் நிழல் தரையில் விழாது என்று கல்லூரியில் சத்தியம் செய்தாயே, காலை வெயிலில் அது மேற்குத் திருச்சுற்றில் நீண்டு கிடந்தது. நான் அதில்தான் உட்கார்ந்து இளைப்பாறினேன். ஏறத்தாழ 216 அடி உயரக் கற்கோயிலுக்கு இந்தப் பொய்ப் பெருமை எதற்கு? கருவறைக்கு இரட்டைச் சுவர் எழுப்பி, இடையே சுற்றுவழி விட்டு, அதற்கு மேல் கற்களைச் சிறிது சிறிதாக உள்நோக்கி நீட்டி அடுக்கி, உள்ளே கூடாகவே உச்சிவரை கொண்டு சென்றிருக்கிறார்களே, அது போதாதா?

ஆனால் என்னை நிறுத்தி வைத்தது விமானமன்று, அதைத் தாங்கும் அடித்தளமான அதிட்டானம். தான் கொடுத்தவற்றையும், தன் அக்கன் குந்தவை கொடுத்தவற்றையும், தன் பெண்டுகளும் மற்றவர்களும் கொடுத்தவற்றையும் கல்லிலே வெட்டச் சொன்னான் இராசராசன். விமானத்தின் உச்சிக்கு அவன் செப்புக்குடம் அளித்த ஆண்டு 1010. அந்தப் பெருமைக்குச் சற்றும் குறையாத கவனத்துடன் ஆட்டுக் கணக்கும் வெட்டப்பட்டிருக்கிறது: அணையாது எரியும் ஒரு நந்தா விளக்குக்கு 96 ஆடுகள், அவற்றைப் பெற்ற இடையர், ஆடவல்லான் என்னும் அளவால் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். கிழடு கழிந்தாலும் குட்டி பெருகி மந்தை குறையாதிருக்க வேண்டும் என்பதால்தான் அவை சாவா மூவாப் பேராடுகள். உடுக்கையும் கொட்டிமத்தளமும் முழங்கத் தேவாரத் திருப்பதியம் பாடியவர்களுக்கும் நெல் ஒதுக்கப்பட்டது. கோயிலில் ஆடிய தளிச்சேரிப் பெண்டுகள் 400 பேர் இன்ன தெருவில் இன்ன வீட்டில் இருந்தார்கள் என்றுகூட, ஒவ்வொருவர் பெயரோடும் எழுதியிருக்கிறது. ஆளுக்கு ஆண்டுக்கு 100 கலம் நெல். வழிபாடு நடந்ததற்கு இதைவிட நெருக்கமான சாட்சி வேறென்ன இருக்கிறது? அரசன் பெயர் எந்தக் கல்லிலும் கிடைக்கும். விளக்குக்கு நெய் அளந்தவன் பெயர் இங்குதான் கிடைக்கிறது.

இனி நான் விளையாடவில்லை. நம் கோயில் அர்த்தமண்டபத்தின் தென்புற அதிட்டானத்தில், குமுதம் என்னும் புடைத்த கல்வரிசையில், எழுத்திருப்பது உனக்குத் தெரியும். நாம் சாய்ந்து உட்கார்ந்து நிலக்கடலை தின்ற இடம். அண்மையில் வேறோர் ஊரில், திருப்பணி முடிந்த கோயிலொன்றைப் பார்த்தேன். எண்ணெய்ப் பிசுக்கு நீங்க வேண்டுமென்று மணலைக் காற்றழுத்தத்தில் அடித்திருக்கிறார்கள். கல் பளிச்சென்று வெளுத்திருந்தது. எழுத்திருந்த வரிகளில் விரலை ஓட்டினால் அம்மைத் தழும்பு போலச் சொரசொரப்புத்தான் மிஞ்சியது. 'வி' என்ற ஒரே எழுத்தை மட்டும் என்னால் படிக்க முடிந்தது. போதாக்குறைக்குத் தரையை உயர்த்திப் பளபளக்கும் கல் பதித்ததில், அதிட்டானத்தின் அடிவரிசையான ஜகதி முழுவதும் மண்ணுக்குள் போய்விட்டது. உபயதாரர் பெயர்கள் மட்டும் புதுப் பளிங்கில் பெரிதாக மின்னுகின்றன.

ஆகவே உன் குழுவில் ஒப்பந்தம் எழுதுமுன் சிலவற்றைப் பிடிவாதமாகக் கேள். கல்லில் கை வைப்பதற்கு முன்பே, கல்வெட்டு படிக்கத் தெரிந்தவர்களை அழைத்து எழுத்துகளைத் தாளில் ஒற்றி மைப்படி எடுக்க வேண்டும். மணல் அடிக்கவே கூடாது. தண்ணீரும் மென்மையான தூரிகையும் பொறுமையும் போதும். பழைய தரைமட்டம் உயரக் கூடாது. சுண்ணாம்பும் வண்ணமும் அதிட்டானத்தின் பக்கமே வர வேண்டாம். குடமுழுக்குக்கு நாள் குறித்துவிட்டார்கள், நேரமில்லை என்று எவரேனும் சொன்னால், நாளைத் தள்ளிவைக்கச் சொல்.

நீ சண்டைக்கு அஞ்சுபவன் என்பது தெரிந்ததுதான். அடுத்த கூட்டம் என்றைக்கு என்று எழுது; பேச நானே வருகிறேன், தலைவருக்குப் பக்கத்தில் நீ மௌனமாக அமர்ந்திருந்தால் போதும்.

அன்புடன்,
இராமு