குழாய் விட்டுப் பார்ப்பதற்கு ஒரு பெயர்

திண்டுக்கல்,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள செல்விக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமையே வந்துவிட்டது. இந்த வாரம் ஆஸ்பத்திரியில் கேஸ் அதிகம், தினமும் வீடு வந்து சேர இருட்டிவிடுகிறது. அதனால்தான் பதில் தாமதம். அம்மா நன்றாக இருக்கிறாள், மாடிப்படி மட்டும் ஏறுவதில்லை. சின்னவன் பி.ஃபார்ம் கடைசி வருஷம். உன் மகளின் வளைகாப்புப் படங்களைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். என்னோடு பத்தாம் வகுப்பில் உட்கார்ந்திருந்த நீ பாட்டியாகப் போகிறாய், நம்பவே முடியவில்லை.

சரி, மாமா விஷயத்துக்கு வருகிறேன். மூன்று மாதமாக வயிற்று எரிச்சல், ரத்தம் 8 கிராமுக்கு இறங்கியிருக்கிறது, எண்டோஸ்கோப்பி பார்க்கச் சொல்லி டாக்டர் எழுதிக் கொடுத்திருக்கிறார் என்று எழுதியிருந்தாய். "அது என்னம்மா, தமிழ்ல சொல்லு" என்று அவர் கேட்க, நீ அகராதி பார்த்து "அகநோக்கிப் பரிசோதனை மாமா" என்று சொல்ல, அவர் பேசாமல் எழுந்து திண்ணைக்குப் போய்விட்டார் என்றும். "பதினெட்டு வருஷமா எண்டோஸ்கோப்பி ரூம்லயே இருக்கிறவ நீ. நீங்க என்னதான் சொல்லுவீங்க?" என்று கேட்டிருக்கிறாய். ஒரு வரியில் பதில் சொல்லிவிடலாம். ஆனால் இந்தச் சொல்லைப் பற்றி எனக்கு ரொம்ப நாளாக மனசில் இருப்பதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. தமிழ் டீச்சரிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

முதலில் பிறப்பு. கிரேக்கத்தில் எண்டோன் என்றால் உள்ளே. ஸ்கோப்பேன் என்றால் உற்றுப் பார்த்து ஆராய்வது. அதோடு உறவுள்ள ஸ்கோப்போஸ் என்ற சொல்லுக்குக் காவல் இருந்து பார்ப்பவன், குறி, இலக்கு என்றெல்லாம் பொருள். இதைப் படித்த அன்று எனக்கு நம் நோக்குதான் நினைவுக்கு வந்தது. நோக்கு என்றால் பார்வை, நோக்கம் என்றால் குறிக்கோள். ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத இரண்டு மொழிகள், பார்ப்பதையும் குறி வைப்பதையும் ஒரே வேரில் வைத்திருக்கின்றன. அதனால் அகநோக்கி, உள்நோக்கி என்று பெயர் வைத்தவர்களை நான் குறை சொல்லமாட்டேன். அச்சு அசலாகப் பொருந்துகிற பெயர். பள்ளியில் நீ சொல்லித்தருகிற ஸ்டெதாஸ்கோப்பை எடுத்துக்கொள். லேனெக் 1816இல் அதைச் செய்தபோது காதால் கேட்கிற கருவிக்கே ஸ்கோப் என்று பெயர் வைத்தார். ஆராய்வது என்ற பொருளில் அது சரிதான். நாமோ அதை இதயத்துடிப்புமானி என்கிறோம். வெப்பமானி வெப்பத்தை அளக்கிறது. ஸ்டெதாஸ்கோப் எதையும் அளப்பதில்லையே! அதோடு ஒப்பிட்டால் அகநோக்கி எவ்வளவோ நேர்மையான சொல்.

எண்டோஸ்கோப் என்ற பெயரை இந்தக் கருவிக்கு முதலில் வைத்தவர் தெசோர்மோ என்ற பிரெஞ்சு சர்ஜன். 1853இல் பாரிஸில் அதைக் காட்டினார். சாராயமும் டர்பன்டைனும் கலந்து எரிகிற விளக்கின் வெளிச்சத்தைக் கண்ணாடியால் திருப்பி உள்ளே அனுப்பினார். அவருக்கு முன்னாலேயே, 1806இல், போட்ஸினி என்ற ஜெர்மன் டாக்டர் மெழுகுவத்தியை வைத்து இதையே முயன்றிருக்கிறார். தெசோர்மோ பார்த்தது வயிற்றை இல்லை செல்வி, பெரும்பாலும் சிறுநீர்ப் பாதையை. அந்தப் பெயர்தான் இன்றைக்கு நம் ஊரில் வயிற்றுக்கு என்றே ஆகிவிட்டது. உடம்புக்குள் எங்கே குழாய் விட்டுப் பார்த்தாலும் எண்டோஸ்கோப்பிதான். நுரையீரலுக்குள் போனால் பிராங்கோஸ்கோப்பி, மூத்திரப்பைக்குள் போனால் சிஸ்டோஸ்கோப்பி, மூட்டுக்குள் போனால் ஆர்த்ரோஸ்கோப்பி, பெருங்குடலுக்குள் போனால் கொலனோஸ்கோப்பி. ஆனால் "எண்டோஸ்கோப்பி பண்ணியாச்சா?" என்று இங்கே யாராவது கேட்டால் வாய் வழியாக வயிற்றைப் பார்ப்பதைத்தான் கேட்கிறார்கள். மாமாவுக்கும் அதுதான்.

எங்கள் ரூமில் ஸ்கோப் என்றால் கருவி, ஸ்கோப்பி என்றால் பரிசோதனை. "ஸ்கோப் கழுவியாச்சா?" "இன்னைக்கு எத்தனை ஸ்கோப்பி?" இப்படித்தான் பேச்சு போகும். டாக்டர் சீட்டில் ஓஜிடி என்று மூன்றே எழுத்து இருக்கும். உணவுக்குழாய், இரைப்பை, டியோடினம் என்று மூன்று இடத்தையும் சேர்த்த பெயரின் சுருக்கம் அது. இந்த டியோடினத்தைப் பற்றி உனக்கு ஒன்று சொல்ல வேண்டும். முன்சிறுகுடல் என்று பாடப்புத்தகத்தில் இருக்கும். லத்தீனில் அதன் பொருள் பன்னிரண்டு. பன்னிரண்டு விரல் அகல நீளம் என்று கணக்கிட்டு வைத்த பெயர். நம் தாத்தாக்கள் விரற்கடை என்று அளந்த அதே அளவு! ரிப்போர்ட்டில் "டி2 வரை நார்மல்" என்று இருந்தால், அந்தப் பன்னிரண்டு விரற்கடையின் இரண்டாம் பகுதி வரை போய்ப் பார்த்திருக்கிறார்கள் என்று அர்த்தம்.

இதெல்லாம் டாக்டர்கள், நர்ஸ்கள் பேச்சு. வருகிறவர்கள் என்ன சொல்கிறார்கள்? "எண்டோஸ்கோப் எடுக்க வந்திருக்கேன்." இந்த எடு என்ற சொல்தான் செல்வி என்னை ரொம்ப நாளாக உறுத்துகிறது. எக்ஸ்ரே எடுக்கிறோம், ஸ்கேன் எடுக்கிறோம், ஈசிஜி எடுக்கிறோம். இவற்றில் எல்லாம் நாம் அசையாமல் இருந்தால் போதும், மிஷின் எடுத்துக்கொள்ளும். அந்த வரிசையில் ஸ்கோப்பியையும் எடுக்க வைத்துவிட்டோம். கேட்கிறவர் மனசில் ஒரு மிஷின் முன்னால் போய் நிற்கிற படம்தான் வரும்.

போன ஆடியில் நத்தம் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் வந்தார். அறுபத்தைந்து வயசு இருக்கும். தலைக்கு எண்ணெய் வைத்துப் படிய வாரி, நெற்றி நிறைய விபூதி, முகத்துக்குப் பவுடர், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. "கேமரா வச்சுப் படம் எடுப்பாங்கன்னு சொன்னாங்கம்மா" என்றார். அவருக்கு எழுதிக் கொடுத்த இடத்தில் யாரும் பொய் சொல்லவில்லை. குழாயின் நுனியில் கேமரா இருக்கிறது, படமும் எடுக்கிறோம். ஆனால் தொண்டையில் கசப்பாக மருந்தை அடித்து, பல்லுக்கு நடுவே வாய்க்கட்டையை வைத்து, ஒருக்களித்துப் படுக்கச் சொன்னதும் அவர் கண்ணில் வந்த பயத்தை என்னால் மறக்க முடியவில்லை. குழாய் தொண்டையைத் தொட்டதும் கையால் பிடித்து இழுத்துவிட்டார். அன்றைக்கு முடியவில்லை. வெளியே போய் பெஞ்சில் உட்கார்ந்து, துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே, "என்கிட்ட சொல்லியிருக்கலாமேம்மா" என்று மட்டும் சொன்னார். பவுடர் எல்லாம் துண்டோடு வந்துவிட்டது.

அடுத்த வாரம் திரும்ப வரவழைத்தோம். நான் பத்து நிமிஷம் முன்னாடியே அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். ஸ்கோப்பை எடுத்துக் காட்டினேன், அவர் சுண்டுவிரலைப் பக்கத்தில் வைத்துப் பருமனைப் பார்க்கச் சொன்னேன். "ஐயா, இந்தக் குழாயை வாய் வழியா விட்டு வயித்தைப் பார்க்கப் போறோம். தொண்டையில வரும்போது ஒருக்கா குமட்டும். அப்ப ஒரு வாய் முழுங்குங்க, அதோட உள்ள போயிரும். அப்புறம் எச்சிலை முழுங்காதீங்க, அது பாட்டுக்கு வழியட்டும். மூக்கு வழியா மூச்சு விட்டுக்கிட்டே இருங்க. நான் கையைப் பிடிச்சிருக்கேன்" என்றேன். ஆறே நிமிஷத்தில் முடிந்துவிட்டது. அதிலிருந்து யார் வந்தாலும் இதைத்தான் சொல்கிறேன். பெயரை அப்புறம் சொல்லிக்கொள்ளலாம்.

குழாய் விட்டுப் பார்க்கிறது. இந்தப் பேரை எந்த அகராதியும் தரவில்லை, சனங்கள் தாங்களாக வைத்தது. என்ன வருகிறது, என்ன நடக்கப் போகிறது, எதற்காக என்று எல்லாம் அதிலேயே இருக்கிறது. அகநோக்கி புத்தகத்தில் இருக்கட்டும். ரிப்போர்ட்டில் எழுதட்டும், நீ பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடு. ஆனால் வெறும் வயிற்றோடு பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற மனுஷரிடம் குழாய் என்ற சொல்லை மறைக்கக் கூடாது என்பது என் கட்சி.

அந்தக் குழாய்க்கும் ஒரு கதை உண்டு. மாசித் திருவிழாவில் கோட்டை மாரியம்மன் கோயில் பக்கம் ஒருத்தர் கத்தியை முழுங்குவாரே, நீ என் தாவணியைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடிக்கொள்வாயே, ஞாபகம் இருக்கிறதா? 1868இல் ஜெர்மனியில் குஸ்மால் என்ற டாக்டர் அந்த மாதிரி ஒரு வித்தைக்காரரைத்தான் அழைத்து வந்து, 47 சென்டிமீட்டர் நீளத்தில் வளையாத உலோகக் குழாயை வயிற்றுக்குள் இறக்கிக் காட்டினார். கழுத்தை அண்ணாந்து, வாயும் தொண்டையும் ஒரே நேர்க்கோட்டில் வந்தால்தான் அது போகும். சாதாரண மனுஷனால் முடிகிற காரியமா? அது வளைய வேண்டுமானால் வெளிச்சமும் வளைந்து போக வேண்டும். அதற்கு வழி காட்டியவர்களில் ஒருவர் நம் நாட்டுக்காரர், பஞ்சாபில் மோகா என்ற ஊரில் பிறந்த நரிந்தர் சிங் கபானி. 1954இல் லண்டனில் ஹாப்கின்ஸ் என்பவரோடு சேர்ந்து, முடி மாதிரி மெல்லிய கண்ணாடி இழைகளைக் கட்டாகச் சேர்த்து அதன் வழியாகப் படத்தை அனுப்பிக் காட்டினார். அதைப் படித்த ஹிர்ஷோவிட்ஸ் என்ற டாக்டர் அமெரிக்காவில் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் இரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு வளைகிற குழாயைச் செய்தார். 1957இல் முதல் ஆளாக அதைத் தானே விழுங்கிப் பார்த்தார். அதற்கப்புறம்தான் நோயாளிக்கு. இப்போது வருகிற குழாய்களில் அந்த இழைக்கட்டுக்குப் பதில் நுனியிலேயே கேமரா இருக்கிறது. மாமா அண்ணாந்து பார்க்க வேண்டியதே இல்லை. மோவாயை நெஞ்சோடு சேர்த்துக் குனிந்தாற்போல வைத்துக்கொண்டால்தான் சுலபமாகப் போகும் என்று சொல்.

இன்னொரு சொல் பயாப்சி. இதை முன்கூட்டியே மாமா காதில் போட்டு வை. உள்ளே பார்க்கும்போது அரிசியில் பாதி அளவுக்குச் சதைத் துணுக்கு எடுப்பார்கள். வலிக்காது. "சதை எடுத்து டெஸ்ட்டுக்கு அனுப்பியிருக்கு" என்றதும் புற்றுநோய் என்றே முடிவு கட்டி அழுகிறவர்களைத் தினமும் பார்க்கிறேன். பல நேரம் எச். பைலோரி என்ற கிருமி இருக்கிறதா என்று பார்க்கத்தான் அது. துணுக்கை ஒரு சின்ன மஞ்சள் நிற மருந்தில் வைப்போம். கிருமி இருந்தால் அது ரோஜா நிறத்துக்கு மாறும். சில சமயம் ஸ்கோப்பைத் துடைத்து முடிப்பதற்குள் ஓரத்திலிருந்து சிவப்பு ஏறி வருவது கண்ணுக்குத் தெரியும். கிருமி இருந்தால் ரெண்டு வாரம் மாத்திரை, பெரும்பாலும் சரியாகிவிடும். முன்னே எல்லாம் அல்சர் என்றால் கவலையால் வருகிறது, காரத்தால் வருகிறது என்றுதான் நினைத்தார்கள். ஆஸ்திரேலியாவில் பாரி மார்ஷல் என்ற டாக்டர் 1984இல் அந்தக் கிருமியைக் குடித்து, பத்து நாள் கழித்து ஸ்கோப்பி செய்து தன் இரைப்பையில் அழற்சி வந்திருப்பதைக் காட்டினார். அவருக்கும் வாரன் என்பவருக்கும் 2005இல் நோபல் கிடைத்தது.

அல்சர் என்ற சொல்லும் நம் ஊரில் படாத பாடு படுகிறது. நெஞ்செரிந்தால் அல்சர், ஏப்பம் வந்தால் அல்சர், சாப்பாடு தள்ளிப்போனால் அல்சர். இருபது வருஷமாக "எனக்கு அல்சர்" என்று சொல்லிக்கொண்டு வந்தவர்களுக்கு உள்ளே ஒரு கீறல்கூட இல்லாமல் இருப்பதைப் பார்த்திருக்கிறேன். மாமா மூட்டுவலிக்கு மெடிக்கலில் கேட்டு வாங்கி மாத்திரை சாப்பிடுவதாக எழுதியிருந்தாயே, அதை டாக்டரிடம் கட்டாயம் சொல். அந்த மாத்திரைகளே புண் உண்டாக்கும். ரத்தம் இறங்குவதற்கும் அது காரணமாக இருக்கலாம்.

வியாழக்கிழமை மாமாவின் ஸ்கோப்பிக்கு வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். முதல் நாள் ராத்திரி எட்டு மணிக்குள் லேசாக ஏதாவது சாப்பிடட்டும், இட்லி போதும். காலையில் காபி கூடாது. சுகர் மாத்திரையை வெறும் வயிற்றில் போட்டுவிடப் போகிறார், அதை எப்படி எடுப்பது என்று டாக்டரிடம் கேட்டுக்கொள். ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை ஏதாவது சாப்பிடுகிறாரா என்றும் பார். கட்டுப் பல்லைக் கழற்றி டப்பாவில் போட்டு நீ வைத்துக்கொள். முடிந்து ஒரு மணி நேரம் தொண்டை மரத்திருக்கும், அதற்குள் தண்ணீர்கூட வேண்டாம், புரை ஏறும். "ஒரே குழாயைத்தான் எல்லாருக்கும் விடுறீங்களா?" என்று கேட்பார். எல்லாரும் கேட்பதுதான், கேட்கவும் வேண்டும். ஒவ்வொருவருக்கும் பிறகு உள்ளும் புறமும் பிரஷ் போட்டுக் கழுவி, கிருமிநாசினியில் முக்கி வைத்து, திரும்பவும் அலசித்தான் அடுத்தவருக்கு எடுப்போம். அங்கேயும் எப்படிச் செய்கிறார்கள் என்று தயங்காமல் கேள்.

முடிந்து வந்ததும் பக்கத்து வீட்டுக்காரரிடம் மாமா இதை எந்த வார்த்தையில் சொல்கிறார் என்று கவனித்து எழுது. ரிப்போர்ட்டையும் போட்டோ எடுத்து அனுப்பு. அண்ணனைக் கேட்டதாகச் சொல்.

உன்
மல்லிகா