காலக்கல் விற்பனையைத் தடுத்து நிறுத்தக் கோரி மனு

பெறுநர்:
பேராக் மாநில இயக்குநர் அவர்கள்,
உள்நாட்டு வாணிப, வாழ்க்கைச் செலவின அமைச்சு,
ஈப்போ.

மதிப்பிற்குரிய ஐயா,

நாங்கள் சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்டங்களிலும் பக்கத்துத் தாமான்களிலும் (வீடமைப்புப் பகுதிகளிலும்) குடியிருப்பவர்கள். எங்கள் பகுதியில் வீடு வீடாக வந்து "காலக்கல்" என்று ஒரு கருப்புக் கல்லை விற்கிறார்கள். கழுத்தில் போடுவது 800 வெள்ளி (ரிங்கிட்), தண்ணீர் ஜாடியில் போட்டு வைக்கும் பெரிய கல் அதற்கும் மேல். பழைய வெள்ளீயச் சுரங்கத்தில் கிடைத்த அபூர்வக் கனிமமாம், உடம்புக்குள் ஓடும் காலத்தைப் பின்னால் திருப்புமாம், மூட்டு வலியும் சர்க்கரையும் வருவதற்கு முன்பிருந்த வயதுக்கு உடம்பு திரும்பிவிடுமாம். பகலில் பிள்ளைகள் வேலைக்குப் போன பிறகு, பெரியவர்கள் மட்டும் வீட்டில் இருக்கும் நேரமாகப் பார்த்து வருகிறார்கள்.

வாங்கியவர்களைக் குறை சொல்ல எங்களுக்கு மனம் வரவில்லை ஐயா. விடியும் முன்பே ரப்பர் மரத்தில் பால்வெட்டப் போய் முதுகும் முழங்காலும் தேய்ந்தவர்களிடம் வந்து, இழந்த வயதைத் திருப்பித் தருகிறோம் என்று சொன்னால் யாருக்குத்தான் ஆசை வராது? ஒரு பாட்டி பேரப்பிள்ளையின் படிப்புக்கு வைத்திருந்த பணத்தை எடுத்துக் கொடுத்திருக்கிறார். இன்னொருவர் கல் இருக்கிறதே என்று கிளினிக்கில் கொடுத்த இரத்த அழுத்த மாத்திரையை நிறுத்திவிட்டார், மகள் கண்டுபிடித்துச் சத்தம் போட்ட பிறகுதான் மறுபடி சாப்பிடுகிறார். பணம் போனதைவிட இதுதான் எங்களைப் பயமுறுத்துகிறது.

கல்லை நம்ப வைப்பதற்கு அவர்கள் ஒரு வித்தை காட்டுகிறார்கள். கைக்கடிகாரத்துக்குப் பக்கத்தில் கல்லைக் கொண்டுபோனால் முள் நின்றுவிடும், எடுத்தால் ஓடும். பேட்டரிக் கடிகாரத்துக்குள் ஒரு கம்பிச் சுருளும் குட்டிக் காந்தமும் இருக்கின்றன, அந்தக் காந்தம் சுற்றினால்தான் முள் நகரும். வெளியிலிருந்து பலமான காந்தத்தைக் காட்டினால் அது சுற்ற முடியாமல் நின்றுவிடும், நின்றது காலம் இல்லை. எங்கள் பையன்கள் அதே கல்லைக் கைப்பேசிக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள், அதில் நேரம் எப்போதும் போல ஓடியது. கல்லில் இரும்பு ஆணியும் ஒட்டிக்கொண்டது.

துண்டுப் பிரசுரத்தில் ஐன்ஸ்டீன் படம் வேறு போட்டிருக்கிறார்கள். ஈர்ப்பு விசையால் கடிகாரத்தின் வேகம் மாறும் என்பது உண்மைதான். ஆனால் எவ்வளவு என்று பாருங்கள். சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் ஜிபிஎஸ் துணைக்கோள்களின் கடிகாரம், பூமியின் ஈர்ப்பு அங்கே குறைவு என்பதால் முந்துகிறது, துணைக்கோள் ஓடும் வேகத்தால் கொஞ்சம் பிந்துகிறது, மொத்தத்தில் தரையில் உள்ளதைவிட ஒரு நாளைக்குச் சுமார் 38 மைக்ரோ வினாடிதான் (மைக்ரோ வினாடி என்பது ஒரு வினாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு) முந்துகிறது. முழு பூமியும் சேர்ந்து செய்வதே இவ்வளவுதான் என்றால் ஒரு கூழாங்கல் எப்படி வயதைக் குறைக்கும்?

இன்னொரு கவலையும் இருக்கிறது. வெள்ளீயம் சலித்து மிஞ்சும் அமாங் மணலில் மோனசைட் என்ற கனிமம் இருக்கும், மோனசைட்டில் தோரியம் இருக்கும், அது கதிரியக்கம் உள்ளது. ஈப்போவுக்குப் பக்கத்துப் புக்கிட் மேராவில் மோனசைட்டிலிருந்து அரிய மண் உலோகங்களை எடுத்த ஆலையின் கழிவை எதிர்த்து மக்கள் வழக்குப் போட்டதையும், 1992இல் ஈப்போ உயர் நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்பு சொன்னதையும், மேல்முறையீட்டில் அது மாறினாலும் ஆலை 1994இல் மூடப்பட்டதையும் பேராக்கில் பலர் மறக்கவில்லை. நெதர்லாந்திலும் 2021 டிசம்பரில், கழுத்தில் போடும் "சக்தி" பதக்கம் உட்பட 10 பொருள்களில் கதிரியக்கம் இருப்பதாக அரசு எச்சரித்தது. எங்கள் ஊரில் விற்கும் கல்லில் அப்படி இருக்கிறது என்று நாங்கள் சொல்லவில்லை, ஆனால் அதை ஊற வைத்த தண்ணீரைத் தினமும் குடிக்கிறார்கள், அதனால் சோதிக்காமல் விடக்கூடாது.

சட்டம் இருப்பது எங்களுக்குத் தெரியும். வீடு தேடி வந்து விற்றதை ரத்து செய்ய 1993ஆம் ஆண்டு நேரடி விற்பனைச் சட்டம் 10 வேலை நாள் அவகாசம் தருகிறது. ஆனால் மூன்று மாதம் விடாமல் போட்டால்தான் பலன் தெரியும் என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள், அதற்குள் அவகாசம் முடிந்துவிடுகிறது. சரி, பயனீட்டாளர் கோரிக்கை நடுவர் மன்றத்துக்குப் போகலாம் என்றால், அங்கே கட்டணம் 5 வெள்ளிதான், 50,000 வெள்ளி வரை கேட்கலாம், ஆனால் யார்மேல் வழக்கு என்று பெயரும் முகவரியும் எழுத வேண்டும். ரசீதில் ஒரு முத்திரை மட்டும்தான் இருக்கிறது. தொலைபேசியில் அழைத்தால் எடுப்பதில்லை.

ஆகவே ஐயா, இந்த விற்பனையாளர்களுக்கு நேரடி விற்பனை உரிமம் இருக்கிறதா என்று உடனே விசாரித்து, அதுவரை விற்பனையை நிறுத்த வேண்டும். அவர்களுடைய பெயரையும் முகவரியையும் கண்டுபிடித்து எங்களுக்குத் தந்தால் நடுவர் மன்றப் பாரத்தை நாங்களே நிரப்பிக்கொள்வோம். கல்லைத் தர எங்களில் பலர் தயார், அணுசக்தித் துறைக்கு அனுப்பிச் சோதித்து முடிவைச் சொல்லுங்கள். அப்புறம், தமிழ் தெரிந்த ஓர் அதிகாரியை ஒரு ஞாயிற்றுக்கிழமை இங்கே அனுப்பி வையுங்கள், ஈப்போவுக்குப் பஸ் ஏறி வர முடியாதவர்கள்தான் அதிகம் ஏமாந்திருக்கிறார்கள். மின்னல் பண்பலையில் ஓர் அறிவிப்பு வந்தாலும் பெரிய உதவி, வீட்டில் இருக்கும் பெரியவர்கள் அதைத்தான் கேட்கிறார்கள்.

வாங்கியவர்களின் ரசீது நகல்களும் துண்டுப் பிரசுரமும் கையெழுத்துகளும் இதனுடன் இணைக்கப்பட்டுள்ளன.

இப்படிக்கு,
சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்ட, தாமான் குடியிருப்பாளர்கள்