தும்மும் சிறுமிக்கு நீதி வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தும்மும்போதெல்லாம் விலங்காகவோ பறவையாகவோ மாறிவிடும் சிறுமியின் கதை சென்ற மாதச் சிறுவர் பக்கத்தில் வந்தது. அதைப் பற்றி இந்த மாதம் ஒரு வாசகர், 'இது நம் மரபில் இல்லாத வெளிநாட்டுச் சரக்கு, இதனால் பிள்ளைகளுக்கு என்ன பயன்?' என்று கேட்டிருக்கிறார். அவருக்கும், கதையின் கடைசியில் நீங்கள் கட்டம் கட்டிப் போட்டிருந்த நீதிக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன்.

நான் குடியாத்தம் பக்கம் தொடக்கப்பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். சனிக்கிழமைகளில் நூலகத்தில் பிள்ளைகளுக்குக் கதை படித்துக் காட்டுகிறேன். உங்கள் கதையை ஒரே மூச்சில் படிக்க அவர்கள் விடவில்லை. அவள் ஆடாகித் தன் வீட்டுப்பாட நோட்டையே மென்று தின்னும் இடத்தில் ஆரம்பித்த சிரிப்பு. எருமையாகிக் குட்டையில் படுத்தவள், பள்ளி மணி கேட்டும் காதை மட்டும் ஆட்டிவிட்டு அப்படியே கிடக்கிறாள். சரி, இதோடு ஓய்வார்கள் என்று பார்த்தால் அமாவாசை வந்துவிட்டது. காக்கையாகிச் சுவரில் உட்கார்ந்தவளைப் பார்த்து ஆயா சோறு வைத்து, 'உங்க தாத்தா வந்துட்டாரு பாரு' என்று கண்கலங்குகிறார். 'ஆயா, நான்தான்!' என்று அவள் கத்துவது ஆயாவுக்கு வெறும் 'கா கா'தான்.

எனக்கு மிகவும் பிடித்தது பல்லிப் பகுதி. பசிக்கிறது என்று அவள் சொல்லச் சொல்ல, பெரியவர்கள் எந்தத் திசையிலிருந்து பல்லி சொன்னது என்று பஞ்சாங்கத்தைப் புரட்டுகிறார்கள். தென்கிழக்கா, தெற்கா என்று சண்டையே வந்துவிடுகிறது. அவளுக்குச் சோறு போடத்தான் ஆளில்லை. பிள்ளைகள் இந்த இடத்தில் விழுந்து விழுந்து சிரித்ததற்குக் காரணம் உண்டு. அவர்கள் ஒன்று சொல்ல, பெரியவர்கள் தங்கள் மனதில் உள்ள வேறொன்றைக் கேட்டுக்கொள்வது அவர்கள் வீட்டில் தினமும் நடப்பது. உடம்பு எத்தனை மாறினாலும் உள்ளே அதே பிள்ளை, அதே பசி, அதே குறும்பு. இதை எழுதியவர் பிள்ளைகளை நன்றாகக் கவனித்தவர்.

அப்புறம் அந்த நீதி. 'பெரியவர் சொல் கேளாத பிள்ளை துன்பப்படும்' என்று போட்டிருந்தீர்கள். படித்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. மூன்றாம் வகுப்புப் பெண் ஒருத்தி, 'அவ இன்னா தப்பு பண்ணா டீச்சர்? தும்மல் தானே வந்துச்சு?' என்று கேட்டாள். அவள் கேட்டது நியாயம். கதையில் அந்தச் சிறுமி யார் சொல்லையும் மீறவே இல்லை. செய்யாத தப்புக்கு அவளைக் குற்றவாளியாக்குவது கதைக்கும் பிள்ளைக்கும் செய்யும் அநீதி. சிரிக்க வைத்ததே அந்தக் கதையின் பயன். அதற்கு மேல் ஒரு சான்றிதழ் எதற்கு?

மரபில் இல்லை என்ற வாசகரை எங்கள் பக்கம் வரச் சொல்கிறேன். காட்பாடியைத் தாண்டி வள்ளிமலை இருக்கிறது. வள்ளியைத் தேடி வேடனாக வந்த முருகன், அவள் தகப்பன் வருவதைப் பார்த்ததும் வேங்கை மரமாகி நிற்கிறார். இல்லாத இடத்தில் இந்த மரம் எப்படி முளைத்தது என்று வேடர்கள் திகைக்கிறார்கள். பிறகு கிழவராகி வந்து தேனும் தினைமாவும் கேட்கிறார். கடைசியில் அண்ணன் பிள்ளையாரே யானையாக வந்து வள்ளியை மிரட்ட வேண்டியிருக்கிறது. கூத்தில் இதைப் பார்த்து விடிய விடியச் சிரித்த ஊர்கள் இவை. 1989 வரை எங்கள் வடஆற்காடு மாவட்டத்தில் இருந்த திருவண்ணாமலையில், அடிமுடி தேடிய பிரம்மன் அன்னமாகவும் திருமால் பன்றியாகவும் ஆனார்கள். அருணகிரிநாதர் கிளியானதாகச் சொல்லித்தான் அங்கே ஒரு கோபுரத்துக்குக் கிளி கோபுரம் என்று பேர். இவற்றையெல்லாம் கேட்டு வளர்ந்த ஊர்ப் பிள்ளைக்குத் தும்மி ஆடாகும் சிறுமி எப்படி அந்நியமாவாள்?

இன்னொரு நல்ல விஷயம், வாக்கியங்கள் சின்னதாக இருந்தன. பள்ளிக்கல்வித் துறையின் வாசிப்பு இயக்கப் புத்தகங்களை நுழை, நட, ஓடு, பற என்று படிநிலை பிரித்திருக்கிறார்கள் அல்லவா? அதில் 'நட' வரை வந்த பிள்ளைகள் இந்தக் கதையைத் தாங்களே எழுத்துக்கூட்டாமல் படித்தார்கள்.

படம் வரைந்தவருக்கு மட்டும் ஒரு சேதி. காக்கையை முழுக்கக் கறுப்பாக வரைந்திருக்கிறார். 'இது அண்டங்காக்கா, வூட்டாண்ட வர்ற காக்காவுக்குக் கழுத்து சாம்பலா இருக்கும்' என்று பையன்கள் உடனே கண்டுபிடித்துவிட்டார்கள். வேடிக்கைக் கதைதானே என்று இதில் அசட்டையாக இருக்கக் கூடாது. மாறுவது மட்டும்தான் கற்பனை. மாறிய பிறகு காக்கை காக்கையாகவே இருந்தால்தான் சிரிப்பு வரும்.

பல்லியாக இருக்கும்போது வால் அறுந்து விழுந்துவிட்டால், திரும்பச் சிறுமியாகும்போது எது குறையும் என்று ஒருவன் கேட்டான். அன்று பாதி நேரம் இதிலேயே போனது. ஜடைதான் குறையும், வால் மாதிரி அதுவும் மறுபடி வளர்ந்துவிடும் என்று கடைசியில் அவர்களே முடிவு செய்தார்கள். எழுத்தாளர் விரும்பினால் எடுத்துக்கொள்ளட்டும்.

இந்தக் கதை தொடருமானால் தை மாதத்தில் ஒன்று எழுதச் சொல்லுங்கள். எங்கள் பக்கத்தில் மாடு விடும் விழாவில் தெருவின் இரு பக்கமும் தடுப்புக் கட்டி, காளைகளை ஒவ்வொன்றாக ஓடவிட்டு நேரம் குறிப்பார்கள். அந்த நேரம் பார்த்து அவள் தும்மினால், பரிசு அவளுக்கா மாட்டுக்காரருக்கா என்று இங்கே இப்போதே தகராறு. அந்த இதழில் நீதிக்கு ஒதுக்கும் இடத்தில் இன்னொரு படம் போடுங்கள். எங்கள் நூலகத்துக்குச் சில பிரதிகள் கூடுதலாக வேண்டும், பணம் அனுப்பிவிடுகிறேன்.

அன்புடன்,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
குடியாத்தம், வேலூர் மாவட்டம்