பென்னிபேக்கர் மாற்றிய வரிசை

ஆசிரியருக்கு,

இசை ஆவணப்படங்கள் பற்றிய தொடரில், சென்ற இதழில் வந்த, அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் டி.ஏ. பென்னிபேக்கர் பற்றிய கட்டுரையைப் படித்தேன். பாடகர் பாப் டிலனின் 1965 இங்கிலாந்துப் பயணத்தை அவர் படமாக்கிய கதை நன்றாக வந்திருக்கிறது. ஆனால் அவரை 'நடந்ததை நடந்தபடியே காட்டியவர்' என்று முடித்திருப்பதைத்தான் ஏற்க முடியவில்லை. பின்னணிக் குரல் கிடையாது, தோளில் கேமரா, எல்லாம் சரி. அதற்காக அவருக்கென்று ஓர் அபிப்பிராயம் இல்லாமல் போய்விடுமா?

கட்டுரையில் ஒரே வரியில் வந்துபோகும் 'மான்டரே பாப்' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 1967 ஜூனில் கலிஃபோர்னியாவில் மூன்று நாள் நடந்த இசை விழாவின் பதிவு அது. கடைசி நாளான ஞாயிற்றுக்கிழமை பிற்பகலில் ரவிசங்கர் சிதார் வாசித்தார். ராக் கிட்டார் கலைஞர் ஜிமி ஹென்ட்ரிக்ஸ் தன் கிட்டாரைக் கொளுத்தியது அன்று இரவு. படத்தில் இது தலைகீழ். கிட்டார் எரிந்து முடிந்த பிறகுதான் ரவிசங்கர் வருகிறார். அவரோடு படமும் முடிகிறது. 80 நிமிடம்கூட ஓடாத படத்தில் அவருக்கு மட்டும் சுமார் 18 நிமிடம்! வாத்தியத்தை எரித்தது தம்மைப் புண்படுத்தியதாக ரவிசங்கர் பிற்பாடு சொல்லியிருக்கிறார். அதற்கும் இந்த வரிசைக்கும் சம்பந்தம் உண்டோ இல்லையோ, இது எடிட்டிங் அறையில் உட்கார்ந்து யோசித்து எடுத்த முடிவு.

அந்த 18 நிமிடத்தின் தொடக்கத்தைப் பாருங்கள். சிதார் கேட்கிறது, வாசிப்பவரைக் காணோம். கேமரா கூட்டத்தில் அலைகிறது. கண்ணை மூடிக் கிடப்பவர்கள், தலையில் பூ வைத்தவர்கள், அவர்களுக்கு நடுவே ரசிகராக ஹென்ட்ரிக்ஸ். நிமிடக் கணக்கில் காக்கவைத்த பிறகே ரவிசங்கரின் விரல்களும் அல்லா ரக்காவின் தபலாவும் வருகின்றன. அப்புறம் ஒருவர் வாசிக்க மற்றவர் பதில் வாசிக்கும் சவால்-ஜவாப் சூடுபிடிக்க, முடிவில் கூட்டமே எழுந்து நின்று கைதட்டுகிறது. ராக் பாடகி ஜானிஸ் ஜோப்ளின் பாடும்போதும் இதே கதைதான். கேமரா அவர் காலுக்கு இறங்குகிறது. பிறகு, கீழே வாய்பிளந்து உட்கார்ந்திருக்கும் காஸ் எலியட்டிடம் போகிறது. எலியட்டும் அதே விழாவில் பாடியவர். நம் சபாக் கச்சேரி வீடியோக்களில் ஒரு ரசிகரின் முகம் தெரிய வேண்டுமென்றால் அவர் முன்வரிசை வி.ஐ.பி.யாக இருந்தாக வேண்டும்!

இன்னொன்று. இந்தப் படம் முதலில் அமெரிக்காவின் ஏ.பி.சி. தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்டது. ஹென்ட்ரிக்ஸ் காட்சியைப் பார்த்துவிட்டு அவர்கள் வேண்டாம் என்று சொல்லவே, 1968இல் திரையரங்குக்கு வந்தது.

அடுத்த பகுதியில் ஆவணப்பட இயக்குநர்களான மேசல்ஸ் சகோதரர்களைப் பற்றி வரும் என்று அறிவித்திருக்கிறீர்கள். அவர்களில் ஆல்பர்ட் மேசல்ஸ் மான்டரேயில் பென்னிபேக்கருக்காகக் கேமரா பிடித்தவர். அதையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், திருவரங்கம்