கேட் அறையில் தனியாக இருப்பவர்

ஆசிரியருக்கு வணக்கம்.

கடலூர் மாவட்டம் செம்மங்குப்பத்தில் 2025 ஜூலை 8 அன்று பள்ளி வேன் மீது ரயில் மோதி மூன்று பிள்ளைகள் இறந்தார்கள். அதை நினைத்தால் இன்றும் நெஞ்சு பதறுகிறது. அங்கே நடந்ததற்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. ஆனால், 'தனியாக உட்கார்ந்திருக்கும் கேட் கீப்பர் தூங்காமல் வேறென்ன செய்வார்?' என்று டீக்கடைவரை பேசுகிறார்கள். நாகை மாவட்டத்து வயல்காட்டு கேட்டுகளில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற நான் அதற்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

இன்டர்லாக், அதாவது கேட்டைச் சிக்னலோடு பிணைக்கும் ஏற்பாடு, இல்லாத கேட்டில், ரயில் வருவதை ஸ்டேஷன் மாஸ்டர் போனில் சொல்வார். கேட்டைச் சாத்திப் பூட்டிவிட்டு, சாத்தியதற்கு உறுதியாக, தாளில் வரிசையாக உள்ள ரகசிய எண்களில் (பிரைவேட் நம்பர்) அடுத்ததை அவரிடம் சொல்லி, அதைத் தாளில் கோடு போட்டு அடித்துவிட்டு, நேரத்தைப் பதிவேட்டில் எழுத வேண்டும். பிறகு கொடியோடு, இரவென்றால் கைவிளக்கோடு, வெளியே வந்து நிற்க வேண்டும். சக்கரத்தில் புகை வருகிறதா, அடியில் ஏதாவது தொங்குகிறதா, கடைசிப் பெட்டியில் சிவப்பு விளக்கு எரிகிறதா என்று பார்த்த பிறகே கேட்டைத் திறக்கலாம்.

அடுத்த போன் வரும்வரை பேச ஆள் கிடையாது. நான் விளக்குக் கண்ணாடியைத் துடைப்பேன். மணி காதில் விழும் தூரத்துக்குள் நடப்பேன். தெரிந்த தேவாரப் பாட்டையெல்லாம் வாய்விட்டுப் பாடுவேன். கேட்பதற்குத் தவளைகள் மட்டும்தான். உடன் வேலை பார்த்த ஒருவர் மகளின் கணக்குப் புத்தகத்தைக் கொண்டுவந்து கணக்குப் போட்டுக்கொண்டிருப்பார். விடியற்காலை மூன்று மணிக்கு மேல் இவை எதுவும் உதவாது. அப்போது நாற்காலியில் உட்காரவே கூடாது. முகத்தில் தண்ணீரை அடித்துக்கொண்டு நிற்க வேண்டும். அந்த நேரத்தில் ஸ்டேஷன் மாஸ்டர் கூப்பிட்டு, "என்னப்பா, அங்கே மழையா?" என்று கேட்டால் போதும், தூக்கம் பறந்துவிடும்.

எல்லா கேட்டுகளிலும் கேமரா வைக்க உத்தரவு போட்டிருக்கிறார்கள். வைக்கட்டும், நல்லதுதான். கூடவே, இரவில் மணிக்கு ஒருமுறை ஸ்டேஷனிலிருந்து கூப்பிட்டுப் பேசும் வழக்கமும் வர வேண்டும்.

இன்டர்லாக் செய்துவிட்டால் கேட்டைச் சாத்தாமல் ரயிலுக்கு சிக்னல் கிடைக்காது. போக்குவரத்துக் கணக்கை வைத்தே அதைச் செய்வதால் வயல்காட்டு கேட்டுகள் பின்தங்கிவிடுகின்றன. பள்ளி வேன் கடக்கும் கேட் என்றால், எத்தனை வண்டி போகிறது என்று எண்ணிக்கொண்டிராமல் அதற்கு முதலில் இன்டர்லாக் செய்ய வேண்டும் என்று ரயில்வே அதிகாரிகளைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கேட் கீப்பர்,
நாகப்பட்டினம் மாவட்டம்.