ஹாலேயில் இருக்கும் கயலுக்கு

அன்புள்ள கயலுக்கு,

இங்கே எல்லோரும் நலம். அம்மாவின் முழங்கால் வலி இப்போது பரவாயில்லை.

நீ ஜெர்மனியில் ஹாலேக்குப் படிக்கப் போனதிலிருந்து அந்த ஊரைப் பற்றிக் கிடைப்பதையெல்லாம் படிக்கிறேன். அப்படித்தான் ஹெல்கா பாரிஸ் என்ற புகைப்படக்கார அம்மாவின் படங்கள் கண்ணில் பட்டன. ஒரு வாரமாக மனசை விட்டுப் போகவில்லை. போனில் சொன்னால் தீராது என்றுதான் எழுதுகிறேன்.

1938-ல் பிறந்தவர். படித்தது ஆடை வடிவமைப்பு. கேமராவைத் தானாகவே கற்றுக்கொண்டார். கிழக்கு பெர்லினில் ப்ரென்ஸ்லவர் பெர்க் பகுதியில் குடியிருந்தார். அக்கம்பக்கத்தில் குப்பை அள்ளுகிறவர்களை எடுத்தார், மதுக்கடையில் உட்கார்ந்திருப்பவர்களை எடுத்தார். 1984-ல் ஒரு ஆடைத் தொழிற்சாலையில் வேலை செய்த பெண்களை எடுத்தார். அந்தப் பெண்களின் படங்களை நீ அவசியம் பார், கண்ணு. அப்போதைய கிழக்கு ஜெர்மனியின் கம்யூனிஸ்ட் அரசு காட்ட விரும்பிய தொழிலாளி எப்போதும் சிரித்தபடி இருப்பார். இவர் படத்தில் வேலை உடுப்போடு ஒருத்தி நின்று நேராக நம்மைப் பார்க்கிறாள். களைப்பு தெரிகிறது, கொஞ்சம் கூச்சமும் தெரிகிறது, ஆனால் யாருக்காகவும் முகத்தை மாற்றிக்கொள்ளவில்லை. முப்பது வருஷம் ஸ்டுடியோவில் “கொஞ்சம் சிரிங்க” என்று சொல்லிச் சொல்லியே படம் எடுத்தவன் நான். அதைச் சொல்லாமல் இருந்திருந்தால் எத்தனை முகங்களைப் பார்த்திருப்பேன் என்று இப்போது தோன்றுகிறது.

சரி, உன் ஊருக்கு வருகிறேன். 1983 முதல் 1985 வரை அவர் ஹாலேயை எடுத்தார். அதுவும் அப்போது கிழக்கு ஜெர்மனிதான். பக்கத்திலேயே லொய்னா, புனா என்ற ரசாயன ஆலைகள். வீடுகளில் பழுப்பு நிலக்கரி அடுப்பு. இரண்டாம் உலகப் போரில் பெரிய சேதமில்லாமல் தப்பிய ஊர் அது. அப்புறம் அரசின் பணம் புதிய கான்கிரீட் குடியிருப்புகளுக்கே போக, குண்டுக்குத் தப்பிய பழைய வீடுகள் கவனிப்பாரில்லாமல் காரை உதிர்ந்து நின்றன. தெரிந்ததையெல்லாம் மறந்துவிட்டு, ஏதோ அந்நிய தேசத்து ஊரைப் பார்ப்பதுபோல எடுக்க நினைத்ததாக அவர் சொல்லியிருக்கிறார்.

அந்த வீடுகளையும், அந்த ஊர் மனிதர்களின் முகங்களையும்தான் காட்சிக்கு வைக்க இருந்தார். 1986-ல் அந்தக் கண்காட்சியைத் திறக்கவிடாமல் அதிகாரிகள் தடுத்துவிட்டார்கள். படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. தினமும் அந்தச் சுவர்களைப் பார்த்துக்கொண்டே வேலைக்குப் போகிறவர்கள், அதே சுவரைப் படமாகப் பார்க்கக் கூடாதா? பெர்லின் சுவர் விழுந்த பிறகு, 1990-ல்தான் அந்தப் படங்கள் ஹாலேயில் காட்சிக்கு வந்தன.

என்னை அதிக நேரம் நிறுத்தி வைத்தவை அந்த ஊர் இளைஞர்களின் முகங்கள். பாழான தெருவைக் காட்டுவதற்காக அவர்களைப் பரிதாபமாக நிறுத்தவில்லை அவர். அந்த மரியாதையை எப்படி லென்ஸ் வழியாகக் கொண்டுவந்தார் என்று தொழில் தெரிந்த எனக்கே பிடிபடவில்லை.

2024 பிப்ரவரியில் காலமாகிவிட்டார். இருந்திருந்தால் உன்னைப் போய்ப் பார்த்துவரச் சொல்லியிருப்பேன்.

ஒன்று கேட்கிறேன். அந்தப் படங்களைத் தேடிப் பார்த்துவிட்டு, ஒரு ஞாயிற்றுக்கிழமை பழைய தெருக்களில் நட. எந்த வீடு இன்னும் நிற்கிறது, இப்போது யார் குடியிருக்கிறார்கள் என்று எனக்கு எழுது. யாரையாவது படம் எடுத்தால் கேட்டுவிட்டு எடு. சிரிக்கச் சொல்லாதே. என் பழைய நிக்கானைத் துடைத்து வைத்திருக்கிறேன், பொங்கலுக்கு வரும்போது எடுத்துக்கொண்டு போ.

அன்புடன்,
அப்பா